ஒரகடத்தில் ஒரு ட்ரைபாட்

ரயில் வருகிறது. போகிறது. அடுத்த ரயில் வருகிறது. அதுவும் போகிறது. இப்படி மொத்தம் 43 ரயில்கள். ஹீரோ கிடையாது. கதை கிடையாது. பின்னணியில் கனத்த குரலில் விளக்கம் சொல்கிறவரும் கிடையாது. அங்கங்கே ஒரு பழைய பாட்டோ, ரேடியோவில் ஒலித்த ஒரு பேச்சோ கேட்கும், அவ்வளவுதான். ரயில் திரைக்குள் நுழையும், கேமரா அசையாமல் நிற்கும், கடைசிப் பெட்டி போய் முடிந்ததும் அடுத்த இடம். குட்டி ரயில் என்றால் சீக்கிரம் முடிந்துவிடும். மைல் கணக்கில் நீளும் சரக்கு ரயில் என்றால் உட்கார்ந்து பார்த்துத்தான் ஆக வேண்டும்!

2007ல் வந்த இந்தப் படத்தின் பெயர் 'ஆர்.ஆர்.' 'ரயில்ரோடு' என்பதன் சுருக்கம். எடுத்தவர் ஜேம்ஸ் பென்னிங் என்ற அமெரிக்கர். அவர் வாழ்நாள் முழுக்க எடுத்தது பெரும்பாலும் நிலக்காட்சிகளும், தொழிற்சாலைகளும், ரயில்களும்தான்.

"இதெல்லாம் ஒரு படமா?" என்று கேட்பவர்கள் இருப்பார்கள். கேட்கட்டும். ஆனால் சென்னைக்கு மேற்கே ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வரை வரிசையாக நிற்கும் தொழிற்சாலைகளைப் பார்க்கும்போது, இப்படி ஒரு ஆள் 30 வருடங்களுக்கு முன்பே இங்கே ஒரு கேமராவோடு வந்து நின்றிருக்கக் கூடாதா என்ற ஏக்கம் வராமல் இருக்காது. ஒரு ஊர் கண்ணெதிரே இன்னொரு ஊராக மாறியது. மாறியதற்குப் பத்திரங்கள் இருக்கின்றன, புரிந்துணர்வு ஒப்பந்தங்கள் இருக்கின்றன, ரிப்பன் வெட்டிய போட்டோக்கள் இருக்கின்றன. மாறிய அந்த இடத்தின் முகம்தான் இல்லை.

முதலில் அந்த மனிதரைக் கொஞ்சம் தெரிந்துகொள்ளலாம்.

பென்னிங் 1942ல் மில்வாக்கி நகரத்தில் பிறந்தவர். தொழிற்சாலைகளும் ரயில் யார்டுகளும் நிறைந்த ஊர். அவர் முதலில் படித்தது கணக்கு. சினிமா பிறகுதான். பெரிய யூனிட் எதுவும் வைத்துக்கொள்ளாமல், பெரும்பாலும் தனியாளாகக் காரை ஓட்டிக்கொண்டு போய், இடத்தைத் தேர்ந்தெடுத்து, ட்ரைபாடை ஊன்றி, தானே படம் பிடித்து, தானே ஒலியும் பதிவு செய்வார். 1987லிருந்து கலிஃபோர்னியாவில் உள்ள கால்ஆர்ட்ஸ் கல்லூரியில் ஆசிரியர். அங்கே அவர் நடத்திய ஒரு வகுப்பின் பெயரே 'பார்ப்பதும் கேட்பதும்'தான். மாணவர்களை எங்காவது வெளியே கூட்டிப் போவார். செய்ய வேண்டியது பார்ப்பதும் கேட்பதும் மட்டுமே. படம் எடுக்கும் வேலை அப்புறம்!

அவருடைய கணக்கு மூளை படங்களில் பளிச்சென்று தெரியும். 16 எம்.எம். ஃபிலிமில் 100 அடிச் சுருள் ஒன்று ஏறத்தாழ 2 நிமிடம் 45 விநாடி ஓடும். 400 அடிச் சுருள் சுமார் 11 நிமிடம் ஓடும். இதை அப்படியே படத்தின் அளவாக எடுத்துக்கொண்டார். கலிஃபோர்னியாவைப் பற்றி 1999க்கும் 2001க்கும் இடையே மூன்று படங்கள் எடுத்தார். ஒவ்வொன்றிலும் 35 ஷாட்டுகள், ஒவ்வொரு ஷாட்டும் இரண்டரை நிமிடம். 2004ல் வந்த '13 ஏரிகள்' படத்தில் 13 ஷாட்டுகள், ஏரிக்குப் பத்து நிமிடம். சும்மா தண்ணீரும் வானமும்தான். அந்தப் படத்தை 2014ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்க வேண்டிய தேசியப் படங்களின் பட்டியலில் சேர்த்தது. நம்மூரில் ஒரு ஏரியைப் பத்து நிமிடம் படம் பிடித்துக் காட்டினால் என்ன பெயர் கிடைக்கும் என்று சொல்லத் தேவையில்லை!

அந்தக் கலிஃபோர்னியாப் படங்களில் முதலாவதில் ஒரு முக்கியமான விஷயம் இருக்கிறது. வயல், வாய்க்கால், எண்ணெய்க் கிணறு, ரயில் என்று வரிசையாகக் காட்டிவிட்டு, கடைசியில் எழுத்து ஓடும்போது ஒவ்வொரு இடமும் எங்கே இருக்கிறது, அது யாருக்குச் சொந்தம் என்று போடுகிறார். அதுவரை அழகான காட்சியாகப் பார்த்ததெல்லாம் சட்டென்று வேறு மாதிரி ஆகிவிடுகிறது. நிலத்தைப் பார்த்தால் போதாது, பட்டா யார் பேரில் என்றும் கேட்க வேண்டும். இது தஞ்சாவூர் விவசாயிக்கும் தெரியும், ஸ்ரீபெரும்புதூர் விவசாயிக்கும் தெரியும். சினிமாக்காரர்கள்தான் கேட்பதில்லை.

இன்னொரு படம் ஒரகடத்துக்கு நேராகவே பொருந்தும். 1977ல் பென்னிங் தன் சொந்த ஊரான மில்வாக்கியின் தொழிற்சாலைப் பகுதியில் 60 ஷாட்டுகள் எடுத்தார். ஒவ்வொன்றும் ஒரு நிமிடம். 'ஒன் வே பூகி வூகி' என்று பெயர். 27 வருடங்கள் கழித்துத் திரும்பிப் போனார். அதே 60 இடங்களில், முடிந்தவரை அதே கோணத்தில், கிடைத்தவரை அதே ஆட்களை நிறுத்தி மறுபடி எடுத்தார். சில கட்டடங்கள் இல்லை. ஆட்களுக்கு வயதாகிவிட்டது. ஒலியை மட்டும் மாற்றவில்லை. பழைய படத்தின் சத்தம் புதிய காட்சியின் மேல் ஓடுகிறது. ஒரு ஊரின் தொழில் எப்படித் தேய்ந்தது என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியுமா? ஒரு புள்ளிவிவரம் கூடக் கிடையாது!

டிஜிட்டல் வந்ததும் சுருளின் கட்டுப்பாடு போய்விட்டது. 2009ல் ஜெர்மனியின் பழைய தொழிற்பகுதியான ரூரில் ஒரு படம் எடுத்தார். அதன் இரண்டாவது பாதி முழுக்க ஒரே ஷாட்: நிலக்கரியைக் கோக்காக மாற்றும் ஆலையின் கோபுரத்திலிருந்து ஆவி பொங்குவதும் அடங்குவதும், ஒரு மணி நேரம். 2013ல் 'பி.என்.எஸ்.எஃப்.' என்ற ரயில் நிறுவனத்தின் பெயரையே தலைப்பாக வைத்து, ஒரு ரயில்பாதையை ஒரே ஷாட்டில் மூன்று மணி நேரத்துக்கும் மேலாகக் காட்டினார்.

சரி, அமெரிக்கக் கதை போதும். நம் பக்கம் வருவோம்.

சினிமாவுக்கும் ரயிலுக்கும் உறவு புதிதல்ல. லூமியர் சகோதரர்களின் புகழ்பெற்ற துண்டுப்படமே ஒரு ஸ்டேஷனுக்குள் ரயில் வந்து நிற்பதுதான். ஒரு நிமிடம் கூட இல்லை. தமிழ்நாட்டில் ஊர் ஊராகப் படம் காட்டிய முன்னோடி சாமிக்கண்ணு வின்சென்ட், திருச்சியில் தென்னிந்திய ரயில்வேயில் வேலை பார்த்தவர். 1905ல் ஒரு பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரை வாங்கிக்கொண்டு கிளம்பினார். பிறகு நம் சினிமா ரயிலை விடவே இல்லை. 'கிழக்கே போகும் ரயில்' காலத்திலிருந்து ஊட்டி மலை ரயில் பாட்டுகள் வரை எத்தனை ரயில்! ஆனால் அதெல்லாம் காதலர்களைப் பிரிக்கவோ சேர்க்கவோ வந்த ரயில்கள். ரயில் எதை ஏற்றிக்கொண்டு, எந்த நிலத்தின் வழியாக, யாருக்காகப் போகிறது என்று பார்க்க நின்றவர்கள் குறைவு.

ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் பட்டையை எடுத்துக்கொள்ளுங்கள். பழைய செங்கல்பட்டு மாவட்டத்தின் பகுதி. ஏரிகள் மாவட்டம் என்று பெயர் வாங்கிய மண். ராமானுஜர் பிறந்த ஊர் என்று வைணவர்களுக்குத் தெரியும். 1991 மே 21ஆம் தேதி ராஜீவ் காந்தி கொல்லப்பட்ட ஊர் என்று உலகத்துக்கே தெரியும். அதற்கப்புறம் நடந்ததுதான் வேகம். 1998ல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார் வெளியே வரத் தொடங்கியது. 2006ல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா. 2007ல் சாம்சங். 2010ல் ஒரகடத்தில் ரெனோ–நிசான். 2012ல் டெய்ம்லர் லாரி. 2013ல் ராயல் என்ஃபீல்டு. வண்டலூர்–வாலாஜாபாத் சாலையும் சிங்கப்பெருமாள்கோயில்–ஸ்ரீபெரும்புதூர் சாலையும் வெட்டிக்கொள்ளும் ஒரகடம் கூட்டுரோடு, இரண்டு பக்கமும் வயல் இருந்த ஒரு சந்திப்பு, இருபதே வருடத்தில் மேம்பாலம், சர்வீஸ் ரோடு, கம்பெனி பஸ் என்று ஆகிவிட்டது.

மாற்றம் என்றால் மேலே போவது மட்டுமில்லை. உலகத்துக்கே செல்போன் செய்து அனுப்பிய நோக்கியா ஆலை 2014 நவம்பர் 1ஆம் தேதி உற்பத்தியை நிறுத்தியது. எட்டே வருடம்! வாசலில் பஸ்ஸுக்காக நின்ற ஆயிரக்கணக்கான இளைஞர்களும் பெண்களும் கலைந்து போனார்கள். பின்னால் அதே வட்டாரத்தில் ஃபாக்ஸ்கான் ஐபோன் செய்யத் தொடங்கியது. 2021 டிசம்பரில் விடுதிச் சாப்பாட்டால் உடம்பு கெட்டுப்போன பெண் தொழிலாளர்கள் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையை மறித்தார்கள். 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் 18,720 பெண்கள் தங்குவதற்கான விடுதி திறக்கப்பட்டது. ஒரு சின்ன டவுனின் ஜனத்தொகை, ஒரே வளாகத்தில்! அடுத்த மாதமே சாம்சங் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கி, 37 நாட்கள் நடத்தினார்கள்.

இதில் வேடிக்கை என்னவென்றால், இத்தனை தொழிற்சாலை இருந்தும் ஸ்ரீபெரும்புதூருக்கு ரயில் கிடையாது. ஆவடியிலிருந்து ஸ்ரீபெரும்புதூர் வழியாகக் கூடுவாஞ்சேரிக்கு ஒரு பாதை போடுவது பற்றி எத்தனையோ வருடமாகப் பேச்சு. தண்டவாளம் இன்னும் வரவில்லை. ரயில் பார்க்க வேண்டுமானால் தெற்கே செங்கல்பட்டு–அரக்கோணம் பாதைக்குப் போக வேண்டும். அந்தப் பாதையில் உள்ள வாலாஜாபாத் ஸ்டேஷனில் இந்தப் பகுதியில் செய்த கார்கள் ரயில் ஏறுகின்றன.

அவை ஏறும் பெட்டியையும் கொஞ்சம் கவனிக்க வேண்டும். 'என்.எம்.ஜி.' என்று ரயில்வேக்காரர்கள் சொல்லும் பெட்டி அது. மனிதர்களை ஏற்றிக்கொண்டு இருபது வருடத்துக்கு மேல் ஓடி ஓய்ந்த பயணிகள் பெட்டியை எடுத்து, சீட்டுகளைக் கழற்றி, ஜன்னல்களை அடைத்து, கார் உள்ளே ஓடிப் போக முனையில் கதவு வைத்து மாற்றியது. அதே பெரம்பூர் ஐ.சி.எஃப். பெட்டியில் யாரோ ஒரு அம்மா புளிச்சாதம் கட்டிக்கொண்டு ராமேஸ்வரம் போயிருப்பார். இப்போது ஜன்னல் இருந்த இடத்தில் தகரம், உள்ளே புத்தம் புதுக் கார்கள். இந்த ரயில் கடந்து போவதை முழுசாக, வெட்டாமல் ஒரு ஷாட் எடுத்தால் போதும். இந்தப் பகுதியின் முப்பது வருடப் பொருளாதாரம் அதில் இருக்கிறது. பென்னிங் இதைப் பார்த்தால் விடுவாரா?

"ஏன், படங்கள்தான் ஏராளமாக இருக்கின்றனவே, யூடியூபைத் திறந்தால் கொட்டுகிறதே" என்று கேட்கலாம். இருக்கின்றன. கம்பெனி விளம்பரப் படம் இருக்கிறது. ட்ரோனில் எடுத்த ரியல் எஸ்டேட் படம் இருக்கிறது. போராட்டம் நடந்த அன்றைக்கு டி.வி. கேமரா வந்தது. எல்லாமே எதையாவது விற்பதற்கோ, அன்றைய செய்திக்கோ எடுத்தவை. சம்பவம் இல்லாத நாளில் அந்த இடம் எப்படி இருந்தது என்பதற்கு அவற்றில் இடமில்லை. கூகுள் எர்த்தில் பழைய வருடங்களைத் தள்ளிப் பார்த்தால் பச்சைக் கட்டங்கள் சாம்பல் கட்டங்களாக மாறுவது தெரியும். நல்ல விஷயம்தான். ஆனால் அது மேலேயிருந்து பார்ப்பது. அதில் சத்தம் இல்லை. ஷிஃப்ட் முடியும் நேரத்தில் டீக்கடையில் நிற்கும் கூட்டம் இல்லை. மனிதன் நிற்கும் உயரத்திலிருந்து, ஒரே இடத்தை, வருடா வருடம் பார்த்த கண்ணின் பதிவுதான் தேவை.

அப்படி எடுத்து வைப்பதால் என்ன லாபம்? ஏ.கே. செட்டியாரை நினைத்துக்கொள்ளுங்கள். 1940ல் காந்தியைப் பற்றி ஆவணப்படம் வெளியிட்ட கோட்டையூர்க்காரர். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்து, 50,000 அடி ஃபிலிமைத் தேடிச் சேர்த்தார் என்பார்கள். அவர் உழைப்பு பெரிது. ஆனால் தேடினால் கிடைப்பதற்கு யாரோ முன்பே எடுத்து, எங்கோ பெட்டியில் போட்டு வைத்திருக்க வேண்டுமே! காந்திக்கு அப்படி எடுத்தவர்கள் இருந்தார்கள். ஒரகடத்து ஏரிக்கு? 2050ல் ஒருவர் இந்தப் பகுதியின் கதையைப் படமாக்க அலைந்தால் கையில் என்ன கிடைக்கும்? கார் விளம்பரங்கள்!

அவசரத்துக்கும் காரணம் இருக்கிறது. இந்தப் பட்டை மேற்கே நகர்ந்துகொண்டிருக்கிறது. 2022ல் பரந்தூர், சென்னையின் இரண்டாவது விமான நிலையத்துக்கான இடமாக அறிவிக்கப்பட்டது. 13 கிராமங்களின் நிலம் அதற்குள் வருகிறது. ஏகனாபுரம் மக்கள் வருடக்கணக்கில் போராடியது எல்லோருக்கும் தெரிந்ததே. விமான நிலையம் வேண்டுமா வேண்டாமா என்பது தனி விவாதம். வேண்டும் என்பவரும் வேண்டாம் என்பவரும் ஒரு விஷயத்தில் ஒத்துப்போகலாம்: அங்கே இப்போது இருக்கும் ஏரியும், களமும், கோயிலும், தெருவும் நாளைக்கு எப்படியிருந்தாலும் இன்றைக்கு எப்படியிருக்கிறது என்பது பதிவாக வேண்டும். "அங்கே ஒன்றுமே இல்லை, பொட்டல் காடு" என்று பின்னால் யாரும் சொல்லிவிடக் கூடாது. ஒரு இடத்தை எடுத்துக்கொள்வதற்கு முன்னால் எப்போதும் முதலில் சொல்லப்படும் வாக்கியம் அதுதானே.

இதற்குப் பெரிய பணம் வேண்டாம். பென்னிங் போல ஃபிலிம் சுருள் வாங்க வேண்டியதில்லை. பையில் இருக்கும் செல்போனும் ஒரு மலிவான ட்ரைபாடும் போதும். இந்தப் பகுதியைச் சுற்றி எத்தனை இன்ஜினியரிங் காலேஜ், எத்தனை விஷுவல் கம்யூனிகேஷன் மாணவர்கள்! வருடத்துக்கு ஒரு தடவை, அதே மாதம், அதே நேரம், அதே இடம். உதாரணத்துக்குச் சில:

1. ஒரகடம் கூட்டுரோடு, காலை ஷிஃப்ட் பஸ்கள் வரும் நேரம்.
2. வாலாஜாபாத் பக்கம் ஒரு லெவல் கிராசிங், கார் ரயில் கடக்கும்வரை.
3. ஸ்ரீபெரும்புதூர் ஏரிக்கரை, மழைக்கு முன்பு ஒன்று, பின்பு ஒன்று.
4. வல்லக்கோட்டை முருகன் கோயில் வாசல், கிருத்திகை அன்று.
5. வல்லம் வடகால் விடுதிக்கு எதிர்ச் சாலை, ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம்.
6. ஏகனாபுரம் தெரு, எந்தச் சம்பவமும் இல்லாத ஒரு சாதாரண நாள்.

ரயில்வே எல்லைக்குள் போய் எடுக்க அனுமதி வேண்டும், ஆகவே வெளியே பொதுச் சாலையில் நிற்க வேண்டும். தண்டவாளத்தில் நின்று செல்ஃபி எடுக்கிற விளையாட்டெல்லாம் கூடவே கூடாது. கேட் அருகே செக்யூரிட்டி விரட்டினால் எதிர்ப்பக்கம் போய் நிற்கலாம். தொழிற்சாலைக்குள் நடப்பது வேறு படம், இது வெளியே நிற்பவரின் படம்.

இதற்கு வரக்கூடிய மறுப்புகளில் ஒன்று கனமானது. "நிலத்தையும் ரயிலையும் காட்டினால் மனிதர்கள் எங்கே? நிலத்தை விற்றவர் என்ன நினைக்கிறார், ஒடிசாவிலிருந்து வந்து ஒரே அறையில் ஆறு பேராகத் தங்கியிருக்கும் பையன் என்ன சொல்கிறான், அதெல்லாம் வேண்டாமா?" நியாயமான கேள்வி. அசையாத கேமரா எல்லாவற்றையும் சொல்லிவிடாது. பென்னிங்கே இதைக் கிண்டல் செய்வதுபோல ஒரு காரியம் செய்திருக்கிறார். 2022ல் அமெரிக்காவின் மாநிலங்களை ஒவ்வொன்றாகக் காட்டுவதுபோல 52 ஷாட்டுகளில் ஒரு படம் எடுத்தார். கடைசியில் பார்த்தால் அத்தனையும் கலிஃபோர்னியாவிலேயே எடுத்தது! படம் தானாக உண்மை பேசாது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடையாது.

ஆகவே ஒவ்வொரு ஷாட்டோடும் இடம், தேதி, நேரம், அந்த நிலம் இன்று யாருடையது என்று எழுதி வைக்க வேண்டும். பக்கத்தில் நிற்கும் பெரியவரிடம் "ஐயா, இங்கே முன்னே என்ன இருந்துச்சு?" என்று கேட்டு, அவர் சம்மதித்தால் அவர் குரலையும் பதிவு செய்துகொள்ளலாம். காட்சியும் குரலும் சேர்ந்தால்தான் ஆவணம்.

இன்னொரு மறுப்பு, "போர் அடிக்கும்." அடிக்கும்தான்! முதல் நிமிடம் போர் அடிக்கும். இரண்டாவது நிமிடத்தில் கண் தானாக வேலை செய்யத் தொடங்கும். அந்த மூலையில் ஒரு ஆடு, இந்த மூலையில் சர்வே கல், பின்னால் புதிதாக முளைத்த கோபுர விளக்கு... மூன்றாவது நிமிடத்தில் அந்த இடத்தைப் பற்றி ஒரு கேள்வி வரும். பத்து விநாடி ரீல்ஸில் அந்தக் கேள்வி வரவே வராது. அதற்குள் விரல் அடுத்ததற்குத் தள்ளியிருக்கும்.

எடுத்ததைப் பாதுகாப்பதும் அதே அளவு முக்கியம். செட்டியாரின் அந்தத் தமிழ்ப் படத்தின் மூலப் பிரதியே பின்னாளில் கிடைக்காமல் போனது. செல்போனில் எடுத்தது செல்போன் தொலைந்தால் போச்சு. இரண்டு இடத்தில் நகல், ஒன்று காலேஜ் லைப்ரரியில், ஒன்று இணையத்தில் யார் வேண்டுமானாலும் பார்க்கும்படி விக்கிமீடியா காமன்ஸ் போன்ற பொதுத் தளத்தில். கல்லூரி நிர்வாகங்கள் ஆண்டு விழாவுக்குச் செலவழிப்பதில் ஒரு சின்னத் துண்டு இதற்குப் போதும்.

மில்வாக்கியில் அந்த 60 ஷாட்டுகளை எடுத்தபோது பென்னிங்குக்கு 35 வயது கூட ஆகவில்லை. எடுத்த அன்றைக்கு அது ஏதோ புகைபோக்கியும் சுவரும்தான். 27 வருடம் கழித்துத்தான் அது ஒரு ஊரின் சரித்திரம் ஆயிற்று. ஒரகடத்தில் அந்த முதல் ஒரு நிமிடத்தை இந்த வருடம் எடுத்தால்தான், திரும்பிப் போய் அதே இடத்தில் நிற்பதற்கு 2050களில் ஒருவருக்கு வாய்ப்பு இருக்கும். இருபது வயதில் எடுக்கிற ஒரு மாணவருக்கு அப்போது ஐம்பதைக்கூடத் தாண்டியிருக்காது. அவரேகூடப் போய் நிற்கலாம்.